பிரமிடுக்குள் ஒரு கதவு, அதன் பின்னால் என்ன? ஸாகி ஹவாஸின் நேரலை இரவு

வணக்கம். உலகம் பார்த்துக்கொண்டிருக்கும்போதே 4,500 ஆண்டுப் பழமையான கல்லில் துளையிட்டு, அதன் வழியே கேமராவை நுழைத்தால், அங்கே இன்னொரு கல் நிற்கிறது. 2002 செப்டம்பரில் எகிப்தியத் தொல்லியலாளர் ஸாகி ஹவாஸுக்கு நேர்ந்தது இதுதான்.

அவரைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1947இல் பிறந்தவர், பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றவர், 2002இல் எகிப்தின் தொல்பொருள் உயர்மன்றத்தின் பொதுச் செயலாளரானவர். அகன்ற விளிம்புத் தொப்பியில்லாமல் அவரைத் திரையில் காண்பது அரிது. பாதி நேயர்களுக்குப் பெயரைவிடத் தொப்பிதான் நினைவிருக்கும்.

இனிக் கதவுக்கு வருவோம். கீசாவில் குஃபு மன்னரின் பெரிய பிரமிடுக்குள் ‘அரசியின் அறை’ என்று வழங்கப்படும் அறையிலிருந்து இரண்டு புழைகள் மேல்நோக்கிச் செல்கின்றன. அவற்றின் அகலமும் உயரமும் ஏறத்தாழ 20 சென்டிமீட்டர்தான், அதாவது ஒரு சாணுக்கும் சற்றுக் குறைவு. பூனை நுழையலாம், மனிதர் நுழைய முடியாது. இதில் என்னை மிகவும் கவர்ந்த செய்தி, கட்டியவர்கள் இந்தப் புழைகளை அறைக்குள் திறந்துவிடவே இல்லை என்பதுதான். 1872இல் ஆங்கிலேயப் பொறியாளர் வேய்ன்மன் டிக்சன் சுவரை உடைத்துப் பார்த்த பிறகே அப்படி ஒன்று இருப்பது தெரிந்தது. 1993இல் ஜெர்மானியப் பொறியாளர் ருடால்ஃப் கான்டன்பிரிங்க் அனுப்பிய ரோபோ, தெற்குப் புழையில் 60 மீட்டருக்கு மேல் ஏறி, இரண்டு செப்பு முளைகள் பதித்த சுண்ணாம்புக்கல் ஒன்றின் முன் நின்றுவிட்டது. அதைத்தான் எல்லோரும் ‘கதவு’ என்று அழைக்கத் தொடங்கினார்கள்.

அந்தக் கல்லைத் துளைப்பதை நேஷனல் ஜியாகிரபிக்குடன் சேர்ந்து இரண்டு மணி நேர நேரலையாக்கினார் ஹவாஸ். அமெரிக்காவில் அப்போது செப்டம்பர் 16, இரவுச் சாப்பாட்டு நேரம். கீசாவில் 17ஆம் தேதி இன்னும் விடியவில்லை. பிரமிடு எகிப்தினுடையது, கடிகாரம் மட்டும் அமெரிக்காவினுடையது! கடைசியில் கேமரா காட்டியது ஒரு சிறு இடைவெளியையும், அதற்கப்பால் கரடுமுரடான இன்னொரு கல்லையும்.

தொல்லியலை வேடிக்கையாக்கிவிட்டார் என்று அவரைக் குறை கூறியவர்கள் உண்டு. விளம்பரத்தில் ஆரவாரம் அதிகம் என்பதை நானும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பொன்னையும் மம்மியையும் எதிர்பார்த்து உட்கார்ந்தவர்கள், ஒரு கல்லைப் பார்த்துவிட்டு எழுந்துபோன அந்த நிமிடம், அகழாய்வுக் களத்தில் வேலை செய்பவர்களுக்கு அன்றாடம் நேர்வதல்லவா?

அன்று போட்ட துளையும் வீணாகவில்லை. அதன் வழியாகவே பின்னர் ‘ஜெடி’ என்னும் ரோபோ, பாம்பைப் போல் வளையும் கேமராவை உள்ளே நீட்டியது. அதன் படங்கள் 2011இல் வெளியாயின. தரையில் செந்நிறக் காவியால் எழுதிய குறிகள் தெரிந்தன. முன்புறம் வெறும் முளையாகத் தெரிந்த செப்பு, பின்புறம் சிறு வளையமாக அழகுற வளைக்கப்பட்டிருந்தது.

யாரும் பார்க்கப்போகாத பக்கத்தில் எதற்கு அந்த வளையம்? உங்கள் ஊகத்தைக் கீழே கருத்துப் பகுதியில் எழுதுங்கள். கைப்பிடி என்று எழுதுகிறவர்கள் மட்டும், சாண் அகலப் புழைக்குள் 60 மீட்டர் தாண்டி நீண்டிருக்கக்கூடிய கை யாருடையது என்பதையும் சேர்த்து எழுதிவிடுங்கள்.