‘ஜீன் ஹெர்ஷோல்ட் விருது’ – யார் இந்த ஹெர்ஷோல்ட்? நேயர் கேள்விக்கு விளக்கம்

வணக்கம். போன பதிவுல ஆஸ்கர் கௌரவ விருதுகளைப் பத்திப் பேசும்போது ‘ஜீன் ஹெர்ஷோல்ட் மனிதநேய விருது’ன்னு ஒரு பேர் வந்துச்சு இல்லையா? அதைப் பிடிச்சுக்கிட்டு ஒரு நேயர் கேட்டிருக்காங்க: “இந்த ஹெர்ஷோல்ட் யாரு? ஸ்டுடியோ முதலாளியா, கோடீஸ்வரரா?” நல்ல கேள்வி. விருதோட பேரு வருஷா வருஷம் காதுல விழுது, ஆளு யாருன்னுதான் யாருக்கும் தெரியறதில்ல.

முதலாளி இல்லை. நடிகர். அதுவும் கதாநாயகன் இல்லை, குணச்சித்திர நடிகர். 1886-ல டென்மார்க்கோட கோபன்ஹேகன்ல பிறந்தவர். அப்பா, அம்மா ரெண்டு பேருமே நாடகக்காரங்க. 1913-ல அமெரிக்கா போனார். மௌனப்படமும் பேசும்படமுமா சேர்த்து சுமார் 140 படம்.

விருதுக் கதையை முதல்ல சொல்லிடறேன். அந்தக் கால ஹாலிவுட் பெரும்புள்ளிகளான மேரி பிக்ஃபோர்ட், சாப்ளின், ஃபேர்பேங்க்ஸ், கிரிஃபித் எல்லாரும் சேர்ந்து 1921-ல திரைத்துறை நிவாரண நிதின்னு ஒண்ணு தொடங்கினாங்க. வேலை போனவங்க, நோயில விழுந்தவங்களுக்கு உதவறதுக்கு. 1938-ல ஹெர்ஷோல்ட் அதுக்குத் தலைவரானார், 1956-ல சாகிற வரைக்கும் அவர்தான். இவர் காலத்துல பணம் எப்படி வந்துச்சுன்னு பாருங்க. ஒரு பக்கம், ஸ்டுடியோவுல வேலை செய்யறவங்க தங்க சம்பளத்துல நூத்துக்கு அரைன்னு எழுதிக்கொடுக்கிற ஏற்பாடு. இன்னொரு பக்கம், 1939-ல ஆரம்பிச்ச ஸ்கிரீன் கில்ட் வானொலி நிகழ்ச்சி. பெரிய பெரிய நட்சத்திரங்கள் வந்து சும்மா நடிச்சுட்டுப் போவாங்க, அவங்களுக்குச் சேர வேண்டிய சம்பளம் நேரா நிதிக்குப் போயிடும்.

திரைத்துறைக்காரங்களுக்கு ஒரு முதியோர் இல்லம் கட்ட 1940-ல இவரே இடம் தேடிக் கண்டுபிடிச்சார். லாஸ் ஏஞ்சலஸ் பக்கத்து சான் ஃபெர்னாண்டோ பள்ளத்தாக்குல, வால்நட் மரமும் ஆரஞ்சு மரமும் நின்ன தோப்பு, 48 ஏக்கர். ஏக்கர் 850 டாலர், மொத்தம் 40,800. இடத்தை வாங்கினப்புறம் கட்டடம் கட்டக் காசு வேணுமே? அதுல ஏழு ஏக்கரை வித்தாங்க, அந்தப் பணம் கட்டடத்துக்கு ஆச்சு. 1942 செப்டம்பர்ல அந்த இல்லம் திறந்தாச்சு. 1956-ல அவர் இறந்த பிறகுதான் அவர் பேர்ல விருது. இது நடிப்புக்குத் தர்றது இல்லை, சேவைக்கு.

ஒரு திருத்தம். ‘ரெண்டு கௌரவ ஆஸ்கர் வாங்கினவர்’னு பல இடத்துல எழுதறாங்க. 1940-ல குடுத்தது நிவாரண நிதிக்கு. தலைவர்ங்கிற முறையில அவரும், கூட இருந்த மூணு பேரும் கௌரவிக்கப்பட்டாங்க. அவருக்குன்னே குடுத்தது 1950-ல. அதுக்கு முன்னால 1945-லேர்ந்து 1949 வரைக்கும் ஆஸ்கர் தர்ற அகாடமிக்கே தலைவரா இருந்தார்.

சரி, கேள்விக்குப் பதில் முடிஞ்சது. ஆனா அவரோட நடிப்பைப் பத்தி யாரும் கேட்கறதில்லை, அதான் மனசுல உறுத்துது. ‘நல்ல மனுஷன்’கிற பேரு அந்த நடிகரையே மறைச்சுடுச்சு.

அந்த நல்ல மனுஷன் திரையில வில்லன், அதை மறக்கக் கூடாது. 1924-ல எரிக் வான் ஸ்ட்ரோஹைம் எடுத்த ‘கிரீட்’ படத்துல மார்கஸ். தான் விரும்பின பொண்ணை நண்பனுக்கு விட்டுக்குடுப்பான். அவளுக்கு 5,000 டாலர் லாட்டரி விழுந்ததும் வயிறு எரிய ஆரம்பிக்கும். கடைசியில பாலைவனத்துல ரெண்டு பேரும் சண்டை போடுவாங்க. மார்கஸ் சாகறதுக்கு முன்னால நண்பனோட கையையும் தன் கையையும் விலங்கால பூட்டிடுவான். இந்தக் காட்சியை செட்டுல எடுக்கலை. 1923 கோடையில கலிஃபோர்னியாவோட டெத் வேலிங்கிற நிஜமான பாலைவனத்திலேயே எடுத்தாங்க, கிட்டத்தட்ட 50 டிகிரி வெயில்ல. ஹெர்ஷோல்ட் உடம்பு கெட்டு ஆஸ்பத்திரிக்கே போனார். அந்த முகத்துல தெரியற களைப்பு ஒப்பனை இல்லை. அடுத்த வருஷமே ‘ஸ்டெல்லா டல்லாஸ்’ல சத்தமா சிரிச்சு சபையையே முகம் சுளிக்க வைக்கிற குடிகாரன் எட் மன்.

அப்புறம் இந்த வில்லன் எப்படித் திரையில தாத்தா ஆனார்? மௌனப்படம் பேசும்படமா மாறினதுதான் காரணம். மௌனப்படத்துல உச்சரிப்புன்னு ஒரு பிரச்சனையே கிடையாது. டென்மார்க்காரர் சான் ஃபிரான்சிஸ்கோ ஆளா வரலாம், வசனம் எழுத்தா திரையில வந்துடும். குரல் வந்ததும் அது முடியலை. சிறந்த நடிகருக்கான முதல் ஆஸ்கர் வாங்கின எமில் ஜானிங்ஸ்கூட 1929-ல ஜெர்மனிக்கே திரும்பிட்டார். ஹெர்ஷோல்ட் திரும்பலை. அவர் பேச்சுல இருந்த டேனிஷ் சாயலுக்குப் பொருந்துற வேஷங்கள்தான் அதிகமா வந்துச்சு: ஹோட்டல் போர்ட்டர், பேராசிரியர், டாக்டர். 1936-ல ‘தி கண்ட்ரி டாக்டர்’ல அஞ்சு குழந்தைகளை ஒரே பிரசவத்துல பார்க்கிற கிராமத்து டாக்டர். 1937-ல ‘ஹைடி’யில அந்தச் சிறுமியோட தாத்தா. அதே வருஷம் வானொலியில இவர் நடிச்ச ‘டாக்டர் கிறிஸ்டியன்’ தொடர் ஆரம்பிச்சது, 1954 வரைக்கும் ஓடுச்சு. கிறிஸ்டியன்கிற பேரு டென்மார்க்கோட தேவதைக் கதை எழுத்தாளர் ஹான்ஸ் கிறிஸ்டியன் ஆண்டர்சனை நினைச்சு வெச்சது. ஆண்டர்சன் கதைகளை மொத்தமா இங்கிலீஷுல மொழிபெயர்த்து ஆறு தொகுதியா 1949-ல கொண்டு வந்தவரும் இவரேதான்!

பார்க்கணும்னு நினைக்கிறவங்களுக்கு: ‘கிரீட்’ ரெண்டு வடிவத்துல கிடைக்கும். நாலு மணி நேர வடிவத்துல, தொலைஞ்சுபோன காட்சிகளுக்குப் பதிலா நிழற்படம் வெச்சிருக்காங்க. அதை முதல்ல எடுத்தா பாதியில நிறுத்திடுவீங்க. சுமார் ரெண்டே கால் மணி நேர வடிவத்தை முதல்ல பாருங்க. அடுத்து 1932-ல வந்த ‘கிராண்ட் ஹோட்டல்’. ஆரம்பத்துல பிரசவத்துக்குப் போன பொண்டாட்டியைப் பத்தி டெலிபோன்ல விசாரிக்கிற போர்ட்டர் இவர்தான். கடைசியில குழந்தை பிறந்த சேதி வரும்போதும் அவரை கவனிங்க, நடுவுல வர்றதே கொஞ்சம்தான். அதுக்கப்புறம் ‘ஹைடி’. தாத்தா யாரையும் கிட்டவே அண்டவிடாம முறைச்சுக்கிட்டு இருக்கிற ஆரம்பக் காட்சிகள்ல அந்தப் பழைய மார்கஸ் கொஞ்சம் எட்டிப் பார்ப்பார்.

அடுத்த கேள்விக்குப் போவோம்.