தெப்பத்தில் ஏறிய கேமரா

நேயர்களுக்கு வணக்கம். நார்வே நாட்டுத் திரைப்படக் கலைஞர் ஒருவரைப் பற்றிப் பேச அழைத்தபோது, திரைத்துறையையே தொழிலாகக் கொள்ளாத தோர் ஹெயர்டால்தான் என் நினைவில் முதலில் வந்தார். 1914இல் லார்விக் நகரில் பிறந்து, விலங்கியல் பயின்ற அவர், சிறுவயதில் இருமுறை நீரில் மூழ்கிப் பிழைத்ததால் தண்ணீருக்கே அஞ்சியவர். அவர்தான் 1947 ஏப்ரல் 28 அன்று, ஒன்பது பால்சா மரங்களைக் கயிற்றால் பிணைத்த ‘கோன்-டிக்கி’ என்னும் தெப்பத்தில், ஐந்து தோழர்களோடு பெரு நாட்டுக் கரையிலிருந்து பசிபிக் கடலில் இறங்கினார். 101ஆம் நாள், பசிபிக்கின் பாலினேசியத் தீவுகளில் ஒன்றான ரரோயாவின் பவளத்திட்டில் மோதித் தெப்பம் நின்றது.

அந்தப் பயணத்தை அவர்கள் 16 மில்லிமீட்டர் படச்சுருளில் பதிவு செய்தார்கள். தெப்பத்தின் மேலேயே நின்றுகொண்டு அதன் முழு உருவத்தைப் படம்பிடிக்க முடியாது. ஆகவே இருவர் சிறு ரப்பர் படகில் இறங்கி விலகிச் செல்ல வேண்டியிருந்தது. தெப்பத்தையோ திருப்பிக் கொண்டுவர வழியில்லை; பாயில் காற்று நிறைந்துவிட்டால், துடுப்புப் போடுகிறவர் பின்தங்கிப் போவார். ஒருமுறை எட்டிப் பிடிப்பதற்குள் பெரும்பாடு பட்ட பிறகு, ரப்பர் படகை நீண்ட கயிற்றால் தெப்பத்தோடு கட்டிக்கொண்டே இறங்கினார்கள். கடல் நடுவே அந்த மூங்கில் குடிசையும் பாயும் அசைந்து செல்லும் காட்சியைப் பார்க்கும்போதெல்லாம், அதை எடுத்த கையை எண்ணி என் நெஞ்சு பதைக்கிறது.

தோழர் ஒருவர் கடலில் விழுந்து, மற்றொருவர் கயிற்றோடு குதித்து அவரை மீட்ட நொடி படத்தில் இல்லை. உயிர் போகும் வேளையில் கேமராவை யார் எடுப்பார்? அந்த வெற்றிடத்தைப் பிற்பாடு நடித்து நிரப்பாமல் விட்டதையே இந்தப் படத்தின் பெருமையாக நான் கருதுகிறேன்.

கொண்டுவந்த சுருள்களைச் சுவீடனைச் சேர்ந்த ஒல்லே நூர்டெமார் திரையரங்குக்கு ஏற்ற முழுநீளப் படமாக்கினார். 1950இல் வெளியான அது, 1951ஆம் ஆண்டின் சிறந்த ஆவணப்படத்துக்கான ஆஸ்கர் விருதைப் பெற்றது. அத்தீவுகளில் வாழும் பாலினேசியருக்குத் தென்னமெரிக்காவே தாயகம் என்று, இப்பயணத்தால் வலுப்படுத்த விரும்பிய ஹெயர்டாலின் கருத்தை அறிஞர்கள் ஏற்கவில்லை. ஆயினும் படத்தின் மதிப்பு அதனால் குறையவில்லை.

பின்னர் 1969இலும் 1970இலும் பாப்பிரஸ் நாணலால் கட்டிய ‘ரா’ படகுகளில் அட்லாண்டிக் கடலில் பயணம் செய்தபோது, கேமராவைப் பிறரிடம் ஒப்படைத்தார்: முதற்பயணத்தில் இத்தாலிய மலையேற்ற வீரர் கார்லோ மௌரி, இரண்டாவதில் ஜப்பானிய ஒளிப்பதிவாளர் கெய் ஓஹாரா. அப்பயணங்களைப் பற்றிய படமும் ஆஸ்கர் பரிந்துரை பெற்றது. எனினும், ஓஸ்லோவில் கோன்-டிக்கி தெப்பம் வைக்கப்பட்டுள்ள அருங்காட்சியகத்தில் இருப்பது, ரப்பர் படகிலும் இறங்கி எடுத்த அந்த முதல் படத்துக்குக் கிடைத்த சிலைதான். வணக்கம்.