காகிதத்துக்கு எதற்குப் பூட்டு?

நடுவர் அவர்களே, அவையோரே! ‘பெண்கள் இயக்கத்துக்குப் பெரிதும் தேவைப்படுபவர் களத்தில் நிற்பவரா, வரலாறு எழுதுபவரா?’ இதுதான் தலைப்பு. நான் எழுதுபவர் பக்கம்.

எதிரணித் தலைவி ஏஞ்சலினா கிரிம்கேயைத் துணைக்கு அழைத்தார். அமெரிக்காவில், அடிமைகளை வைத்திருந்த தென் கரோலினாக் குடும்பத்தில் பிறந்து, அடிமை முறையையே எதிர்த்தவர். 1838 மே மாதம் பிலடெல்பியாவின் பென்சில்வேனியா மண்டபத்தில், வெளியே கும்பல் கல்லெறிய, உள்ளே பேசி முடித்தார். மறுநாள் இரவு மண்டபத்தையே கொளுத்தினார்கள். “அங்கே எந்த வரலாற்றாசிரியர் நின்றார்?” என்று கேட்டுக் கைதட்டலும் வாங்கினார் தலைவி. ஒருவரும் நிற்கவில்லை, அம்மா. ஆனால் இந்தச் செய்தி உங்களை எப்படி வந்தடைந்தது? எரிந்த மண்டபமா வந்து சொன்னது?

ஏஞ்சலினா, அவர் அக்கா சாரா என்ற கிரிம்கே சகோதரிகளைப் பற்றி 1967-ல் நூல் எழுதியவர் வரலாற்றாசிரியர் கெர்டா லெர்னர். வியன்னாவில் பிறந்தவர், 1938-ல் நாஜிகளின் சிறையைப் பார்த்தவர், அமெரிக்காவுக்கு அகதியாக வந்து, நாற்பது வயதுக்குமேல் முனைவர் பட்டம் பெற்றவர். இவருக்கா களம் தெரியாது?

“காகிதம் யாரை விடுவித்தது?” என்றார் அடுத்து வந்த ஐயா. அடிமை முறைக்கு எதிராகப் பெண்கள் வீடு வீடாகப் போய்க் கையெழுத்து வாங்கினார்கள். வாக்குரிமை இல்லாதவர்களிடம் இருந்தது மனு ஒன்றுதான். அப்படிக் குவிந்த மனுக்களை விவாதிக்காமலே ஒதுக்கிவைக்க 1836-ல் அமெரிக்கப் பிரதிநிதிகள் சபை விதி போட்டது. 1844 வரை நீக்கவில்லை. வெறும் காகிதத்துக்கு எட்டாண்டுப் பூட்டு எதற்கு, ஐயா?

இனி என் முக்கியமான வாதம். 1405-ல் பாரிஸில் கிறிஸ்டின் டி பிசான், பெண்களை இழித்துரைத்த அறிஞர்களுக்கு மறுப்பாக ஒரு நூலே எழுதினார். 1838-ல் ஏஞ்சலினாவின் அக்கா சாரா, விவிலியத்தை வைத்தே பெண் சமத்துவத்தை வாதாடினார். இடையில் எத்தனையோ பெண்கள் இதே வாதத்தைச் செய்திருக்கிறார்கள். முன்னவர் எழுதியது பின்னவருக்குத் தெரியாததால், ஒவ்வொருவரும் அடியிலிருந்து தொடங்க நேர்ந்தது என்று லெர்னர் காட்டினார். தூர்ந்துபோன கிணற்றை அதே இடத்தில் மறுபடி மறுபடி வெட்டிய கதை! துணிச்சலுக்கா அங்கே பஞ்சம்? முன்னோர் எழுத்துக்குத்தான் பஞ்சம்.

கறுப்பினப் பெண்களின் கடிதங்களையும் வாக்குமூலங்களையும் தேடித் தொகுத்து 1972-ல் வெளியிட்டார் லெர்னர். அதே ஆண்டு சாரா லாரன்ஸ் கல்லூரியில் பெண்கள் வரலாற்றுக்கென்றே முதுகலைப் படிப்பும் தொடங்கினார். களத்துக்குப் போகிறவர்கள் அதைப் படித்துவிட்டே போகட்டும், எங்கள் அணிக்கு ஆட்சேபம் இல்லை. நடுவரின் கை மணியை நோக்கிப் போகிறது, அமர்கிறேன்.