சிரியா: 54 வருட ஆட்சி 12 நாளில் விழுந்தது எப்படி?

வணக்கம் மக்களே. ஒரு நிமிடம், அடுக்களையில் மிக்சி ஓடுகிறது... சரி, நின்றுவிட்டது.

இன்றைக்கு சிரியா. 2024 நவம்பர் 27 அன்று நாட்டின் வடமேற்கில் உள்ள இட்லிப் பக்கமிருந்து கிளர்ச்சிப் படை கிளம்பியது. டிசம்பர் 8 காலையில் தலைநகர் டமாஸ்கஸ் அவர்கள் கையில். இடையில் அலெப்போ, ஹமா, ஹோம்ஸ் என்று வரிசையாக விழுந்தன. அலெப்போவை மட்டும் யோசித்துப் பாருங்கள். அதன் கிழக்குப் பகுதியை மீட்க அதிபர் பஷார் அல்-அசாத்தின் படைக்கு நாலு வருடம் பிடித்தது, அதுவும் ரஷ்ய விமானங்கள் குண்டு போட்டு உதவி, 2016 டிசம்பரில்தான் முடிந்தது. இந்த முறை மூன்றே நாளில் ஊரே போய்விட்டது.

கொஞ்சம் பழைய கதை. அப்பா ஹாஃபிஸ் அசாத் 1970-இல் ஆட்சியைப் பிடித்தவர். 2000-இல் இறந்தார். மகன் பஷாருக்கு அப்போது 34 வயது. அதிபராக 40 ஆகியிருக்க வேண்டும் என்றது அரசியல் சட்டம். என்ன செய்தார்கள்? சட்டத்தில் இருந்த 40-ஐ அடித்து 34 என்று எழுதிக்கொண்டார்கள். ஆளுக்கு அளவெடுத்துத் தைத்த சட்டம்!

பஷார் கண் டாக்டர், லண்டனில் பயிற்சி எடுத்தவர். 2011-இல், துனிசியா, எகிப்து அதிபர்கள் மக்கள் கிளர்ச்சியில் விழுந்த சமயம், தரா என்ற ஊரில் பள்ளிச் சுவரில் பையன்கள், 'டாக்டரே, அடுத்தது உன் முறை' என்று எழுதினார்கள். அவர்களைப் பிடித்துக்கொண்டு போய்ச் சித்திரவதை செய்தார்கள். ஊர் திரண்டது, துப்பாக்கி பேசியது, போர் வந்தது. 5 லட்சத்துக்கும் மேல் சாவு. நாட்டில் பாதிப் பேருக்கு மேல் வீட்டை விட்டு ஓடினார்கள்.

ஏன் இவ்வளவு வேகமாக விழுந்தது என்றால், ரஷ்யா உக்ரைனில் மாட்டிக்கொண்டது, லெபனானில் இஸ்ரேலிடம் அடிவாங்கிய ஹிஸ்புல்லாவால் (அசாத்துக்காகச் சண்டை போட்ட லெபனான் ஆயுதக் குழு) உதவிக்கு வர முடியவில்லை என்பார்கள். உண்மைதான். ஆனால் என் மனதில் நிற்பது ஒரு சம்பள உத்தரவு. டிசம்பர் 4, அலெப்போ ஏற்கெனவே போயாச்சு. அன்றைக்கு அசாத், ராணுவத்தினருக்கு 50 சதவீதச் சம்பள உயர்வு அறிவிக்கிறார். கட்டாய சேவையில் இருந்தவர்களுக்கு அதுவும் கிடையாது. போர் தொடங்கும்போது ஒரு டாலருக்கு சுமார் 50 சிரிய பவுண்ட். 2024 கடைசியில் சுமார் 15,000. அந்தச் சம்பளத்தோடு பாதி சேர்த்தால் என்ன வரும்? மறுநாளே ஹமா விழுந்தது.

அப்புறம் சாலையோரம் முழுக்கக் கழற்றிப் போட்ட ராணுவ உடுப்புகள். பனியனோடு வீட்டுக்கு நடந்தவனைக் கோழை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. தலைவரே சொல்லாமல் கொள்ளாமல் மாஸ்கோ போய்விட்டார். அவருடைய விளக்கம் டெலிகிராமில் வந்தது டிசம்பர் 16 அன்று.

வந்தவர்களும் புனிதர்கள் இல்லை. புது ஆட்சியின் தலைவர் அகமது அல்-ஷாரா ஒரு காலத்தில் அல்-கொய்தாவின் சிரியக் கிளையை நடத்தியவர். 2025 மார்ச்சில் கடலோரப் பகுதியில் அலவி மக்கள் (அசாத் குடும்பம் சேர்ந்த மதப் பிரிவு) நூற்றுக்கணக்கில் கொல்லப்பட்டார்கள். அதற்குத் தனி வீடியோ போடுகிறேன்.

இன்னும் ஒன்று. டமாஸ்கஸுக்கு வடக்கே செட்னாயா சிறை. அசாத் ஆட்சி தன் எதிர்ப்பாளர்களை அடைத்து வைத்த இடம். பூட்டுகளை உடைத்ததும் சனம் அங்கேதான் ஓடியது. பூமிக்கு அடியில் இன்னும் ரகசிய அறைகள் இருக்கின்றன என்று வதந்தி. தரையை உடைத்தார்கள், சுவரை இடித்தார்கள். 'வெள்ளைத் தலைக்கவசம்' மீட்புப் படை வந்து தேடியது. ஒன்றும் இல்லை என்று சொல்லித் தேடலை முடித்தது. காணாமல் போனவர்கள் 1 லட்சத்துக்கும் மேல். போன் டார்ச் வெளிச்சத்தில், தரையில் கிடந்த காகிதங்களில் மகன் பெயர் இருக்கிறதா என்று அங்கேயே உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்தார்கள்.