தபாலில் பாடம் படித்த குதிரைப்படை

நேயர்களுக்கு வணக்கம்.

கல்லூரி நாட்களில் நான் என்.சி.சி. குதிரைப் பிரிவில் இருந்தேன். முதல் மாதம் முழுக்க எங்களை ஏறவே விடவில்லை. லாயத்தைக் கூட்ட வேண்டும், குதிரையின் காலைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டு குளம்பில் சிக்கிய கல்லையும் சாணத்தையும் கொக்கியால் சுரண்டி எடுக்க வேண்டும். நம் கை பழகினால்தான் குதிரை நம்மை நம்பும். அதனால்தான் அமெரிக்காவின் ரிசர்வ் குதிரைப்படை டிவிஷன்களை, அதாவது போர் வந்தால் அழைக்கப்படும் பெரும் படைப்பிரிவுகளைப் பற்றிப் படித்தபோது எனக்கு மனசு கேட்கவில்லை.

முதல் உலகப்போர் முடிந்ததும், 1920-இல் வந்த சட்டம் அமெரிக்க ராணுவத்தை மூன்றாகப் பிரித்தது. நிரந்தரப் படை, மாநிலங்களின் தேசியக் காவல் படை, அப்புறம் ரிசர்வ் படை. ரிசர்வில் மட்டும் 61 முதல் 66 வரை எண்ணிட்ட ஆறு குதிரைப்படை டிவிஷன்கள். 1921-இல் உருவான 61-ஆவது டிவிஷன் நியூயார்க், நியூஜெர்சி பக்கத்தைச் சேர்ந்தது. அதில் இரண்டு பிரிகேடுகள், பிரிகேடுக்கு இரண்டு ரெஜிமென்ட்கள்: 301 முதல் 304 வரை. கூடவே பீரங்கி, பொறியாளர், சரக்குப் பிரிவுகள். போர் வந்தால் ஒரு டிவிஷனில் 7,463 பேர் இருக்க வேண்டும் என்பது கணக்கு.

ஆனால் இருந்தவர்கள் பெரும்பாலும் அதிகாரிகள்தான். போரிலிருந்து திரும்பியவர்கள், கல்லூரியில் ராணுவப் பயிற்சி முடித்த இளைஞர்கள். சிப்பாய்களைப் போர் மூண்ட பிறகு சேர்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டார்கள். அந்த யோசனையில் நியாயம் உண்டு. சிப்பாயைச் சில மாதங்களில் தயார் செய்துவிடலாம், அவனை நடத்திச் செல்பவன் உருவாக வருடங்கள் ஆகும். சரி, குதிரை? அது பெரும்பாலும் கோடை முகாமில்தான் கிடைத்தது, அதுவும் நிரந்தரப் படையின் குதிரை. மற்ற மாதங்களில் வரைபடமும் தபால்வழிப் பாடமும்தான். குளம்பைத் தபாலில் எப்படிச் சுத்தம் செய்வது? இருந்தும் வேலை முடிந்த மாலை நேரத்தில் உட்கார்ந்து படித்தார்களே, அந்த மனிதர்கள் மேல் எனக்கு மிகுந்த மரியாதை.

அப்படிப் படித்தவர்களில் ஒருவர் வானொலிக்காரர். அயோவா மாநிலத்தின் டெமாய்ன் நகரில் விளையாட்டு வர்ணனையாளராக இருந்தவர். 14 தபால்வழிப் பாடங்களை முடித்து, 1937 ஏப்ரலில் ரிசர்வின் 322-ஆவது குதிரைப்படை ரெஜிமென்ட்டில் சாதாரணச் சிப்பாயாகச் சேர்ந்தார், மே மாதமே அதிகாரியானார். பெயர் ரொனால்ட் ரீகன். பின்னாளில் அமெரிக்க ஜனாதிபதி.

அந்த டிவிஷன்கள் ஒருநாளும் போர்க்களம் காணவில்லை. 1942 தொடக்கத்தில் அவற்றைக் கலைத்துவிட்டார்கள். அதிகாரிகளைத் தனித்தனியாக அழைத்து, ஆள் தேவைப்பட்ட இடங்களுக்கு அனுப்பினார்கள். ரீகனுக்கு அந்த ஏப்ரலில் அழைப்பு வந்தது. கண்பார்வை சரியில்லாததால் வெளிநாட்டுக்கு அனுப்பவில்லை. குதிரைப்படை லெப்டினன்டுக்கு முதலில் கிடைத்த வேலை, படைகள் கப்பலேறும் சான் பிரான்சிஸ்கோ துறைமுகத்தில்.

வணக்கம்.