சிவப்பு விளக்கைத் தேடும் கண்கள்

அவைத்தலைவர் அவர்களே, திரைப்பட ஆர்வலர்களே, அனைவருக்கும் வணக்கம்.

தென்கொரியத் தொலைக்காட்சியில் வாராவாரம் நடக்கும் இசை நிகழ்ச்சிகளின் அரங்கில் ஒரே நேரத்தில் பல கேமராக்கள் ஓடிக்கொண்டிருக்கும். அவற்றுள் எது அந்த நொடியில் ஒளிபரப்பாகிறதோ அதன் உச்சியில் சிறிய சிவப்பு விளக்கு ஒன்று எரியும். தனக்கென்று ஒதுக்கப்பட்ட சில விநாடி வரியை ஆடிக்கொண்டே பாடும் பெண், இரைக்கும் மூச்சை முகத்தில் காட்டாமல், அந்த விளக்கு எங்கே எரிகிறது என்று கண்டு அதை நேராகப் பார்த்தாக வேண்டும். பாட்டு முடிந்தும் வேலை முடிவதில்லை. கடைசி நெருக்கக் காட்சியில் நிற்கும் முகத்திற்கு 'எண்டிங் தேவதை' என்று ரசிகர்கள் பெயரே வைத்திருக்கிறார்கள். இப்படிப் பழகிய கண்களோடு ஒருவர் நடிக்க வரும்போது, கேமரா என்று ஒன்று இருப்பதையே மறக்கும்படி அவரிடம் கேட்கிறார்கள். தென்கொரியப் பாடகியும் நடிகையுமான பே சூஜியின் பயணத்தை நான் இந்த ஒரு சிக்கலின் வழியாகவே உங்கள் முன் வைக்க விரும்புகிறேன்.

பாட்டுக் குழுவிலிருந்து நடிப்புக்கு வந்தவர்களில் அவர் முதலாமவர் அல்லர். எஸ்.இ.எஸ். குழுவின் யூஜினும் ஃபின்.கே.எல். குழுவின் சங் யூரியும் அவருக்கு முன்பே வந்தவர்கள். பேபி வாக்ஸ் குழுவின் யூன் உன்ஹே, 2006இல் ஓர் அரண்மனைத் தொடரின் நாயகியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டபோது பெரும் எதிர்ப்பே கிளம்பியது. இத்தகையோரின் சொதப்பலான நடிப்பைக் குறிக்கக் கொரிய மொழியில் 'கால் நடிப்பு' என்று பொருள்படும் வசைச்சொல் ஒன்று உண்டு. நாம் 'கைவந்த கலை' என்கிறோம். அவர்கள் கைவராத கலைக்குக் காலைக் காட்டுகிறார்கள்.

சூஜி 1994ஆம் ஆண்டு குவாங்ஜு நகரில் பிறந்தவர். 2009இல் ஒரு தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டியின் தொடக்கச் சுற்றுகளில் கலந்துகொண்டு வெளியேறியவரை, பாட்டுக் குழுக்களை உருவாக்கும் ஜே.ஒய்.பி. நிறுவனத்தினர் கண்டு, பயிற்சி மாணவியாகச் சேர்த்துக்கொண்டனர். ஐந்து, ஆறு ஆண்டுகள் பயிற்சிக் கூடத்திலேயே கழிப்பவர்கள் நிறைந்த அந்தத் துறையில் அவருக்குக் கிடைத்தது ஏறத்தாழ ஓராண்டுப் பயிற்சிதான். 2010 ஜூலையில் ஃபெய், ஜியா என்ற இரு சீனப் பெண்களுடனும் மின் என்ற கொரியப் பெண்ணுடனும் 'மிஸ் ஏ' குழுவில் அவர் அரங்கேறினார். நால்வரில் இளையவர் அவரே. அறிமுகப் பாடலே அவ்வாண்டின் 'மாமா' (MAMA) என்ற இசை விருது விழாவில் ஆண்டின் சிறந்த பாடலாகத் தேர்வானது.

ஆறே மாதத்தில், 2011 ஜனவரியில், கே.பி.எஸ். தொலைக்காட்சியின் 'ட்ரீம் ஹை' தொடரில் அவர் நாயகியானார். தொடரைத் தயாரித்தவர்களுள் அவருடைய நிறுவனமும் ஒன்று என்பதை மறைப்பதற்கில்லை. அதனாலேயே விமர்சனம் கடுமையாக இருந்தது. முதல் சில பாகங்களை இன்று பார்த்தாலும் வசனம் ஒரே சுருதியில் போவதையும் முகம் இறுகிக் கிடப்பதையும் எவரும் காணலாம். ஆனால் பாத்திரம் செருக்கு மிகுந்த, தந்தையின் கடனால் கனவைத் தொலைத்த ஒரு சாஸ்திரிய இசை மாணவி என்பதால், அந்த இறுக்கத்தைப் பாத்திரத்தின் செருக்காகவே பலர் எடுத்துக்கொண்டனர்.

அடுத்து வந்தது 2012 மார்ச்சில் வெளியான 'ஆர்க்கிடெக்சர் 101'. நாற்பது லட்சத்திற்கும் மேற்பட்டோர் திரையரங்கில் கண்ட அந்தப் படத்தில், கல்லூரிப் பருவத்து நாயகியாகச் சூஜியும், வளர்ந்த பிறகான நாயகியாக ஹான் காஇன்னும் நடித்தார்கள். மொட்டைமாடியில் அமர்ந்து, தன் சிடி பிளேயரின் இயர்போனில் ஒன்றைத் தான் வைத்துக்கொண்டு மற்றொன்றை அருகிலிருக்கும் பையனுக்குத் தருகிறாள் அந்தப் பெண். பாட்டு ஓடுகிறது, அவள் வேறொன்றும் செய்வதில்லை. பையன் செய்வதறியாது தவிக்கிறான். நாம் அவளை அவனுடைய கண்ணால்தான் பார்க்கிறோம். பார்க்கப்படுவதே அங்கே அவளுடைய பாத்திரம். சூஜிக்கு அதுவரை தெரிந்த ஒரே கலையைத்தான் இயக்குநர் லீ யோங்ஜு அவரிடமிருந்து பெற்றுக்கொண்டார் என்பது என் கணிப்பு. பேக்சாங் என்ற கொரியக் கலை விருது விழாவில் திரைப்படத்திற்கான புதுமுக நடிகை விருது அவருக்குக் கிடைத்தது. கூடவே 'நாட்டு மக்களின் முதல் காதல்' என்ற பட்டமும் ஒட்டிக்கொண்டது.

அந்தப் பட்டம் பல விளம்பரங்களைக் கொண்டுவந்தது. மறுபுறம் பெரிய பாரமாகவும் இருந்தது. முதல் காதல் என்பது நினைவில் இருப்பது. அது வளரக் கூடாது, கோபப்படக் கூடாது, அசிங்கமாக அழக் கூடாது. 2015இல் வந்த 'தோரிஹ்வாகா' படத்தில், பெண்கள் பான்சொரி என்ற கொரிய மரபிசை பாட இடமில்லாத ஜோசொன் மன்னராட்சிக் காலத்தில் அந்தக் கலையைக் கற்று மேடையேறிய ஜின் சேசொன் என்ற வரலாற்றுப் பெண்ணாக அவர் நடித்தார். தொண்டை கிழியப் பாடிக் குரலைக் கரகரப்பாக்கிக்கொள்ளும் கலை பான்சொரி. சூஜி அதை நெடுநாள் முயன்று கற்றார். ஆனால் 'ஆர்க்கிடெக்சர் 101' பார்த்தவர்களில் பத்தில் ஒரு பங்கினர்கூட இதைப் பார்க்க வரவில்லை. கரி பூசிய முகத்துக்கு உள்ளேயும் மக்கள் அந்த மொட்டைமாடிப் பெண்ணையே தேடினார்கள் என்று தோன்றுகிறது. படத்திலும் குறைகள் உண்டு. பழியை முழுவதும் ரசிகர் தலையில் கட்ட மாட்டேன்.

இதற்கிடையே குழு தேய்ந்துகொண்டிருந்தது. 2009இல் கொரிய நியாய வணிக ஆணையம் கொண்டுவந்த மாதிரி ஒப்பந்தம் கலைஞர்களைக் கட்டிவைக்கும் காலத்தை ஏழாண்டுக்குள் நிறுத்தியது. அதன் பின்விளைவாகப் பல குழுக்கள் ஏழாம் ஆண்டில் உடைந்தன. அதை 'ஏழாண்டுச் சாபம்' என்றே அங்கு சொல்வார்கள். மிஸ் ஏ குழுவில் ஜியா 2016இலும் மின் 2017இலும் விலக, 2017 டிசம்பரில் குழு கலைந்ததாக அறிவிக்கப்பட்டது. ஒரே மேடையில் நின்ற நால்வரில் ஒருவருக்கு மட்டும் விளம்பரமும் படமும் குவியும்போது மற்ற மூவரின் மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்பதை நாம் ஊகிக்கலாம். அதற்கு மேல் பேசுவது வம்பு. 2019இல் சூஜி ஜே.ஒய்.பி.யை விட்டு, ஜொன் தோயொன், கோங் யூ போன்ற நடிகர்களைக் கொண்ட மேனேஜ்மென்ட் சூப் நிறுவனத்தில் சேர்ந்தார். இனித் தன்னை எந்த வரிசையில் வைத்துப் பார்க்க வேண்டும் என்பதை அந்த முகவரி மாற்றத்தாலேயே சொல்லிவிட்டார்.

இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும். 2022 ஜூனில் கூபாங் பிளே என்ற கொரிய இணையத் திரைத்தளத்தில் 'அன்னா' தொடர் வெளியானது. முதலில் ஆறு பாகங்களாகவும், பின்னர் எட்டுப் பாகங்கள் கொண்ட இயக்குநர் பதிப்பாகவும் வந்தது. தையற்கடைக்காரரின் மகள் யூமி, கல்லூரித் தேர்வில் தோற்றுவிட்டு, தேறிவிட்டதாகத் தந்தையிடம் ஒரு பொய் சொல்கிறாள். அந்தப் பொய்யைக் காப்பாற்ற அடுத்த பொய். பின்னர் ஒரு பணக்காரப் பெண்ணிடம் எடுபிடியாக வேலை செய்து, அவமானப்பட்டு, அவளுடைய பாஸ்போர்ட்டையும் பட்டத்தையும் எடுத்துக்கொண்டு 'அன்னா' என்ற பெயரில் வேறொரு பெண்ணாகிறாள். பேராசிரியையாகிறாள், அரசியலில் இறங்கும் ஒருவனின் மனைவியாகிறாள். பிறகு அந்தப் பழைய முதலாளிப் பெண்ணும் தான் குடியிருக்கும் அதே அடுக்குமாடியில்தான் இருக்கிறாள் என்று தெரியவருகிறது. லிஃப்டில் அவளை எதிர்கொள்ள அஞ்சி, அன்னா மாடிப்படி ஏறுகிறாள். விலையுயர்ந்த உடை கசங்க, வியர்வை வழிய, மாடிக்குப் பின் மாடியாக ஏறும் அந்த உடலில் முதல் காதலின் சாயல் எள்ளளவும் இல்லை. பார்ப்பவர் யாரும் இல்லாதபோது மட்டும் முகம் தளர்கிறது. கதவு திறந்தால் மறுபடி இறுகுகிறது.

ஒவ்வொரு நொடியும் யாரோ தன்னைப் பார்க்கிறார்கள் என்ற உணர்வோடு வாழ்பவள் அன்னா. அந்த உணர்வைச் சூஜி பதினைந்து, பதினாறு வயதிலிருந்து சுமந்தவர். அதை மறக்கும்படி பத்தாண்டுகளாக எல்லாரும் அவரிடம் சொல்லிக்கொண்டிருக்க, லீ ஜூயங்கின் இந்தத் தொடர்தான் அதையே எடுத்து நடி என்று இடம் கொடுத்தது. 'ட்ரீம் ஹை'யில் குறையாகப் பட்ட அந்த இறுகிய முகமே இங்கே கதையின் நடுநாடி. 2023இல் ப்ளூ டிராகன் தொடர் விருது விழாவில் சிறந்த நடிகைக்கான விருது இத்தொடருக்காக அவருக்கு வழங்கப்பட்டது.

அதே ஆண்டு அக்டோபரில் நெட்ஃபிளிக்ஸில் 'டூனா!' வந்தது. ஒரு பிரபலப் பாட்டுக் குழுவிலிருந்து விலகி, மாணவர்கள் பகிர்ந்து வாழும் வீடொன்றில் ஒதுங்கிக் கிடக்கும் முன்னாள் பாடகியின் கதை அது. எடுத்த எடுப்பில் யாரையும் நம்பாத, ஓயாமல் புகைபிடிக்கும் டூனாவாகச் சூஜி நடித்தார். எதிரே வரும் கல்லூரி மாணவன் தன்னை அடையாளம் தெரியாமல் பார்க்கும்போது அவள் முகத்தில் முதலில் எரிச்சல், பிறகு ஐயம், பிறகு ஏதோ ஒரு நிம்மதி கடந்துபோகிறது. முற்றத்தில் உட்கார்ந்திருக்கும் அவளுக்கு எதிரே எந்த அரங்கும் இல்லை. ஆனாலும் யாராவது பார்க்கிறார்களா என்று அவள் கண்கள் ஒருமுறை சுற்றிவருகின்றன.