ஹெல்மெட் போட்டிருந்தும் ஜினோ மேடர் எப்படி இறந்தார்? நேயர் கேள்விக்கு விளக்கம்

அடுத்த கேள்வி திருப்பூர்ல இருந்து வந்திருக்கு. அப்படியே படிச்சிடுறேன். "சார், சுவிட்சர்லாந்து சைக்கிள் பந்தயத்துல ஜினோ மேடர்னு ஒரு வீரர் இறந்துபோன செய்தியை என் பையன் காட்டினான். ஹெல்மெட் போட்டிருந்தும் எப்படி சார் இறந்தார்? கவனக்குறைவா ஓட்டிட்டாரா? அதுக்கப்புறமும் ரேஸைத் தொடர்ந்து நடத்தினாங்களாமே, அதுக்கு எப்படி மனசு வந்துச்சு? பையனுக்கு 16 வயசு, ரேஸிங் கிளப்ல சேரணும்னு ஒத்தக்கால்ல நிக்கிறான். சேர்த்துவிடலாமா?"

ஒரே மூச்சுல நாலு கேள்வி கேட்டுட்டீங்க. பயம் புரியுது சார். முதல்ல நடந்தது என்னன்னு சொல்லிடுறேன்.

2023 ஜூன் 15, வியாழக்கிழமை. டூர் டி சுவிஸ், சுவிட்சர்லாந்துல பல நாள் நடக்கிற பந்தயம். ஒவ்வொரு நாள் ஓட்டத்தையும் ஸ்டேஜ்னு சொல்வாங்க. அன்னிக்கு அஞ்சாவது ஸ்டேஜ். ஃபீஷ்ல கிளம்பி லா புண்ட்னு ஒரு மலைக் கிராமத்துல முடியுது. 211 கிலோமீட்டர். நடுவுல ஃபுர்கா, ஓபரால்ப்னு ரெண்டு பெரிய கணவாய், கடைசியா அல்புலா கணவாய். அல்புலா உச்சி 2,300 மீட்டருக்கும் மேல. அந்த உச்சியில ஸ்டேஜ் முடியல. அங்க இருந்து சுமார் 600 மீட்டர் உயரம் கீழ இறங்கி, கிட்டத்தட்ட 10 கிலோமீட்டர் இறக்கம் ஓட்டி, அடிவாரத்துல லா புண்ட்ல ஃபினிஷ் லைன். இதை மனசுல வச்சுக்கோங்க, திரும்ப இங்கதான் வரப்போறேன்.

அந்த இறக்கத்துல மேடர் சாலையை விட்டு விலகிப் பள்ளத்துல விழுந்துட்டார். தண்ணியில அசைவில்லாம கிடந்தவரைத்தான் கண்டுபிடிச்சாங்க. அங்கேயே இதயத்தை இயங்க வைக்கிற முதலுதவி கொடுத்து, ஹெலிகாப்டர்ல சூர் நகர ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போனாங்க. மறுநாள் காலையில இறந்துட்டார். 26 வயசு. அதே இறக்கத்துல அமெரிக்க வீரர் மேக்னஸ் ஷெஃபீல்டும் விழுந்தார். தலையில அடி, உடம்பெல்லாம் காயம், ஆனா உயிர் தப்பிச்சது.

மேடர் யாருன்னு உங்க பையனுக்குத் தெரிஞ்சிருக்கும், உங்களுக்காகச் சொல்றேன். 2021-ல பிரான்ஸ்ல நடந்த பாரிஸ்-நீஸ் பந்தயத்துல ஒரு மலை ஸ்டேஜ். நாள் பூரா முன்னணியில ஓட்டி, ஃபினிஷ் லைன் கண்ணுக்கு முன்னாடி இருக்கு. கடைசிச் சில மீட்டர்ல ஸ்லோவேனியா வீரர் பிரிமோஷ் ரோக்லிச் பின்னால இருந்து பறந்து வந்து தாண்டிப் போயிட்டார். கையில வந்த ஜெயிப்பு போச்சு. ரெண்டே மாசத்துல இத்தாலியில நடக்கிற ஜிரோ டி இத்தாலியாவுல மலை உச்சியில முடியுற ஒரு ஸ்டேஜை மேடர் ஜெயிச்சார். அந்த வருஷமே டூர் டி சுவிஸ்ல, சொந்த நாட்டு ஜனங்க முன்னாடி, கடைசி ஸ்டேஜையும் ஜெயிச்சார். ஸ்பெயின்ல நடக்கிற வுவெல்டாவுல அஞ்சாவது இடம், சிறந்த இளம் வீரருக்கான வெள்ளை ஜெர்ஸி. அந்த வுவெல்டாவுல இன்னொன்னும் பண்ணார். ஒவ்வொரு ஸ்டேஜ்லயும் தனக்குப் பின்னாடி எத்தனை பேர் வர்றாங்களோ, தலைக்கு 1 யூரோன்னு கணக்குப் போட்டு, ஆப்பிரிக்காவுல வறண்ட நிலத்தைப் பசுமையாக்குற ஒரு அமைப்புக்குச் சொந்தக் காசைக் கொடுத்தார். நல்ல மனுஷன் சார். இதைச் சொல்லாம விபத்தை மட்டும் பேசிட்டுப் போக எனக்கு மனசு வரல.

இப்ப ஹெல்மெட்டுக்கு வர்றேன்.

ஐரோப்பாவுல சைக்கிள் ஹெல்மெட்டுக்கு ஈஎன் 1078னு ஒரு தர நிர்ணயம் இருக்கு. அதுல என்ன சோதனைன்னா, ஹெல்மெட்டுக்குள்ள ஒரு பொம்மைத் தலையை வச்சு, ஒன்றரை மீட்டர் உயரத்துல இருந்து இரும்புத் தளத்து மேல விழ வைப்பாங்க. மோதுற வேகம் நொடிக்கு 5.42 மீட்டர். மணிக்குக் கணக்குப் போட்டா 20 கிலோமீட்டர்கூட வராது. அந்த அடியைத் தாங்கினா பாஸ். ஆக, அங்க கடையில விக்கிற சாதாரண ஹெல்மெட்டும் சரி, உலகச் சாம்பியன் தலையில இருக்கிறதும் சரி, இந்த அளவு அடிக்குத்தான் அத்தாட்சி வாங்கியிருக்கு.

மலை இறக்கத்துல தொழில்முறை வீரர்கள் போற வேகம் 80, 90. நேரான சாலை கிடைச்சா 100-ஐத் தொடுவாங்க. மோதலோட ஆற்றல் வேகத்தோட வர்க்கமா ஏறும், இது ஸ்கூல்ல படிச்சதுதான். 20-க்கும் 90-க்கும் வேகத்துல வித்தியாசம் நாலரை மடங்கு, அடியில வித்தியாசம் 20 மடங்கு.

"அப்ப 90-ல விழுந்தவங்க எல்லாருமே செத்திருக்கணுமே"ன்னு நீங்க கேக்கலாம். நியாயமான கேள்வி. தார் ரோட்டுலயே விழுந்து சறுக்கிட்டுப் போனா, தலை தரையில படுற வேகம் தலை இருந்த உயரத்தைப் பொறுத்தது. முன்னாடி போற வேகம் உராய்வுலயே கொஞ்சம் கொஞ்சமாக் கரையும். தோல் உரியும், காறை எலும்பு உடையும், ஆனா ஹெல்மெட் தன் வேலையைச் செய்யும். இப்படி விழுந்து எழுந்து, கிழிஞ்ச ஜெர்ஸியோடயே ரேஸை முடிக்கிறவங்களை டிவியில பாத்திருப்பீங்க. சாலையை விட்டு வெளிய போனா கதையே வேற. அங்க பாறை, மரம், கான்கிரீட், பள்ளம். முழு வேகமும் ஒரே இடத்துல நிக்கும். அதுவும் தலை மட்டும் இல்ல, நெஞ்சு, வயிறு எல்லாமே மோதும். 2019-ல போலந்து டூர்ல பெல்ஜியத்துப் பையன் பியோர்க் லாம்ப்ரெக்ட், 22 வயசு, சாலையோரக் கான்கிரீட் அமைப்புல மோதினார். கல்லீரல் கிழிஞ்சு உள்ளுக்குள்ள ரத்தக்கசிவு. ஆபரேஷன் மேஜையிலேயே போயிட்டார். எவ்வளவு நல்ல ஹெல்மெட்டா இருந்தாலும் கல்லீரலைக் காப்பாத்தாது சார்.

அதுக்காக ஹெல்மெட் வேண்டாம்னு தயவுசெஞ்சு எடுத்துக்காதீங்க. 1995 டூர் டி பிரான்ஸ்ல ஃபாபியோ கசார்டெல்லி, பார்சிலோனா ஒலிம்பிக் தங்கம் வாங்கினவர், 24 வயசு, போர்ட்டே தாஸ்பே இறக்கத்துல விழுந்து சாலையோரக் கான்கிரீட் கட்டையில தலை மோதி இறந்தார். ஹெல்மெட் போடல. அப்ப கட்டாயம் இல்ல. 1991-லயே கட்டாயமாக்கப் பாத்தாங்க, வீரர்களே போராட்டம் பண்ணித் தடுத்துட்டாங்க. கசார்டெல்லி செத்தும் விதி மாறல. 2003 மார்ச்ல பாரிஸ்-நீஸ்ல கஜகஸ்தான் வீரர் ஆந்த்ரே கிவிலேவ் ஹெல்மெட் இல்லாம விழுந்து இறந்தார். அதுக்கப்புறம்தான், அந்த வருஷம் மே மாசத்துல இருந்து கட்டாயமாச்சு. அப்பவும் கடைசி ஏற்றத்துல கழட்டிக்கலாம்னு ஒரு சலுகை. ரெண்டு உயிர், எட்டு வருஷம்! இதைப் படிக்கிறப்பல்லாம் எனக்கு வயிறு எரியுது.

கவனக்குறைவான்னு கேட்டீங்க. இல்ல சார். இந்த வார்த்தையை அவர் மேல போடாதீங்க. 90-ல போறப்ப ஒரு நொடிக்கு 25 மீட்டர் ஓடுது. சாலையைத் தொடுற டயர்ப் பரப்பு உங்க கட்டைவிரல் ரேகை வைக்கிற அளவுதான். வளைவுக்கு முன்னாடியே பிரேக்கை முடிச்சு, விட்டு, சாய்ஞ்சு உள்ள நுழையணும். வளைவுக்குள்ள போனப்புறம் பிடிச்சா சைக்கிள் நிமிரும், வெளிப்பக்கமா இழுத்துட்டுப் போகும். இதை அவங்க ஒவ்வொரு ரேஸ்லயும் நூத்துக்கணக்குல சரியாச் செய்யறாங்க. ஒரே ஒரு தடவை கொஞ்சம் பிசகினா மன்னிப்பே இல்லாத இடமா அந்தச் சாலை இருக்கு. 2011 ஜிரோவுல வூட்டர் வெய்லான்ட், அவருக்கும் 26 வயசுதான், பாஸோ டெல் போக்கோ இறக்கத்துல ஒரு நொடி பின்னாடி திரும்பிப் பாத்தார். ஓரத்துச் சின்னச் சுவர்ல உரசி, சாலைக்கு அந்தப் பக்கம் தூக்கி எறியப்பட்டார். பின்னாடி வர்றவன் எங்க இருக்கான்னு பாக்காத ஓட்டக்காரன் யாரு சார் இருக்கான்?

அதனாலதான் ஃபினிஷ் லைனை மனசுல வச்சுக்கச் சொன்னேன். 5 மணி நேரத்துக்கு மேல மலை ஏறி இறங்கின உடம்பு. ஜெயிப்பு அடிவாரத்துல காத்திருக்கு. அந்த நிலைமையில இறக்கத்துல மெதுவா வான்னு சொன்னா யார் கேப்பாங்க? மெதுவாப் போறவன் தோத்தான், அவ்வளவுதான். ஃபினிஷை உச்சியிலேயே வச்சிருந்தா ரேஸ் அங்கயே முடிஞ்சிருக்கும், இறக்கத்துல ஜாக்கெட் மாட்டிக்கிட்டு நிதானமா இறங்கியிருப்பாங்க. அன்னிக்கு ஸ்டேஜ் முடிஞ்ச கையோட, மேடர் உயிருக்குப் போராடிட்டு இருக்கப்பவே, அதே பந்தயத்துல ஓட்டின பெல்ஜிய வீரர் ரெம்கோ எவெனெபூல் இதைப் பகிரங்கமா எழுதினார். இவ்வளவு ஆபத்தான இறக்கத்துல எங்களை முடிக்க வச்சது நல்ல முடிவில்லைன்னு. ஏற்பாட்டாளர்கள் மட்டும் இல்ல, வீரர்களும் யோசிக்கணும்னும் சேர்த்துச் சொன்னார். இதுல வீரர்களுக்குள்ளயே எல்லாரும் ஒரே கட்சி இல்ல, இறக்கம் ஓட்டுறதும் இந்த விளையாட்டோட திறமைதான்னு சொல்றவங்க உண்டு. அது வாஸ்தவம். ஆனா திறமையைச் சோதிக்க அதை ஃபினிஷுக்கு நேர் மேல வைக்கணும்னு அவசியம் இல்ல. என் கட்சி எவெனெபூல் கட்சி.

அந்த ஜூலையிலேயே டூர் டி பிரான்ஸ்ல சில இறக்கங்கள்ல ஆபத்தான வளைவுல மெத்தைத் தடுப்பும் எச்சரிக்கை ஒலியும் வச்சாங்க. பனிச்சறுக்குப் பந்தயத்துல இதெல்லாம் எவ்வளவோ காலமா இருக்கு!

மேடருக்கு அடுத்த வருஷமே, அதே சுவிட்சர்லாந்துல, ஜூரிக் உலகச் சாம்பியன்ஷிப் ஜூனியர் பெண்கள் ரேஸ். மூரியல் ஃபூரர், 18 வயசு, மழையில நனைஞ்ச காட்டுப் பாதையில விழுந்துட்டா. அணியோட பேசுற ரேடியோ காதுல கிடையாது. பொண்ணு விழுந்ததே ரொம்ப நேரம் யாருக்கும் தெரியல, ரேஸ் பாட்டுக்கு ஓடிக்கிட்டு இருந்துச்சு. மறுநாள் இறந்துட்டா. இதுக்கப்புறம்தான் ஒவ்வொருத்தரும் எங்க இருக்காங்கன்னு காட்டுற ஜிபிஎஸ் கருவி பேச்சே சூடு பிடிச்சது. 2025 ஆகஸ்ட்ல ரோமான்டி பெண்கள் டூர்ல அதைச் சோதிச்சுப் பாக்கப் போய், கருவியை யார் மாட்டிக்கிறதுன்னு அணிகளுக்கும் உலக சைக்கிள் பந்தய அமைப்பான யூசிஐக்கும் தகராறு வந்து, 5 அணிகளை ரேஸ்ல இருந்தே விலக்கினாங்க. அந்தப் பொண்ணைப் பெத்தவங்க இதைப் படிச்சப்ப என்ன நினைச்சிருப்பாங்கன்னு எனக்குத் தோணுது.

மூணாவது கேள்வி, எப்படி ரேஸைத் தொடர்ந்தாங்க. மேடர் இறந்த வெள்ளிக்கிழமை ரேஸ்னு சொல்ற மாதிரி எதுவும் நடக்கல. ஸ்டேஜை ரத்து பண்ணி, கடைசி 20 கிலோமீட்டர் போல எல்லாரும் சேர்ந்து மெதுவா ஓட்டினாங்க. போட்டி கிடையாது, நேரக் கணக்கு கிடையாது. அவரோட பஹ்ரைன் விக்டோரியஸ் அணி விலகிடுச்சு, இன்னும் சில அணிகளும் விலகின. மிச்ச ரெண்டு ஸ்டேஜை நடத்தறதைக் குடும்பத்தோட கலந்து பேசித்தான் முடிவு பண்ணாங்க. சனிக்கிழமை ஸ்டேஜ்ல எல்லா ஸ்டேஜ் நேரத்தையும் கூட்டிப் போடுற மொத்த வரிசைக்கான நேரத்தை ஃபினிஷுக்கு 25 கிலோமீட்டர் முன்னாடியே எடுத்துட்டாங்க, மனசு சரியில்லாதவங்க கடைசியில வேகமா ஓட்ட வேண்டாம்னு. எவெனெபூல் தனியா முன்னாடி போய் ஜெயிச்சு, வானத்தைக் கை காட்டினார். எழவு வீட்டுக்குள்ள என்ன செய்யணும்னு அந்த வீட்டுக்காரங்க முடிவு பண்றதை நாம வெளிய இருந்து குத்தம் சொல்லக் கூடாதுன்னு நினைக்கிறேன். அடுத்த மாசம் டூர் டி பிரான்ஸ்ல அவரோட அணி நண்பர் பெய்யோ பில்பாவோ, மேடர் பண்ண மாதிரியே தலைக்கு 1 யூரோ கணக்கைக் கையில எடுத்து, ஒரு ஸ்டேஜையும் ஜெயிச்சுக் காட்டினார்.

கடைசியா உங்க பையன். சேருங்க சார். ஆனா சேர்க்கறதுக்கு முன்னாடி கோச்சைப் பாத்து நேரா கேளுங்க: இறக்கம் ஓட்டத் தனியாக் கத்துக் கொடுப்பீங்களா, எந்த இடத்துல, எவ்வளவு நாள்? பயிற்சிக்குப் போறப்ப பின்னாடி வண்டி வருமா? ஒருத்தன் பின்தங்கிட்டா யார் கவனிப்பாங்க? ரேஸ்ல சாலையை மூடுறாங்களா, இல்ல பஸ்ஸும் லாரியும் எதிர்ல வருமா? மேடர் ஓட்டினது எதிர்ல வண்டியே வராத மூடின சாலை, அதுலயே இந்தக் கதி. நம்ம பசங்க கோத்தகிரியில இருந்து மேட்டுப்பாளையத்துக்குக் கொண்டை ஊசி வளைவுல, ஓட்டுற நேரத்தைக் கணக்கெடுக்கிற ஸ்ட்ராவா ஆப்புல நேரம் பாத்து இறங்குறாங்க, எதிர்ல அரசு பஸ் ஏறி வருது. அதை மட்டும் பண்ணக் கூடாதுன்னு பையன்கிட்ட இன்னிக்கே சொல்லிடுங்க. ஏற்றத்துல எவ்வளவு வேணா நேரம் பாக்கட்டும், இறக்கத்துல அந்த ஆப்பே வேண்டாம். கோச் இந்தக் கேள்விக்கெல்லாம் மழுப்பினார்னா வேற கிளப் பாருங்க.

சரி, அடுத்த கேள்விக்குப் போவோம்.